கட்டடமா எலும்பா, எதில் தொடங்கலாம்?

அக்கா மகன் ப்ளஸ் டூ முடித்திருக்கிறான். போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை கீழடி அருங்காட்சியகத்தைப் பார்த்துவிட்டு நேராக எங்கள் வீட்டுக்கு வந்தான். "மாமா, அந்தக் கட்டடமே செட்டிநாட்டு வீடு கணக்கா இருக்கு. தூணையும் முற்றத்தையும் பார்த்துக்கிட்டே பாதி நேரம் போயிருச்சு. உள்ளே போனா பானை, பாசிமணி, தாழி. இப்ப நான் பி.ஆர்க் சேரவா, இல்ல தொல்லியல் பக்கம் போகவா?" என்று கேட்டான்.

நான் முப்பது வருடமாக மதுரையைச் சுற்றி வீடு கட்டிக் கொடுக்கிறவன். படிப்பைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் இவ்வளவுதான்: பி.ஆர்க் ஐந்து வருடம், நுழைவுத் தேர்வை இப்போதே எழுதியாக வேண்டும். தொல்லியலுக்கு ஒரு பட்டம் முடித்துவிட்டு அப்புறமும் போகலாம். அதைச் சொன்னேன். அவன் முகத்தில் திருப்தி இல்லை. சரி, அறிவுரைக்குப் பதில் ஒரு புத்தகம் கொடுப்போம் என்று அலமாரியைத் திறந்தேன். ஒன்றே ஒன்றுதான் கொடுக்க வேண்டும். ஐந்து கொடுத்தால் ஐந்தும் மடிப்புக் கலையாமல் திரும்பி வரும் என்பது அனுபவம்.

பொறுக்கியெடுக்க ஓர் அளவுகோல் வைத்துக்கொண்டேன். அது எங்கிருந்து வந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். பதினைந்து வருடம் முன்பு ஊருக்கு வெளியே ஒரு சைட்டில் அஸ்திவாரத்துக்கு வானம் தோண்டிக்கொண்டிருந்தோம். ஜேசிபி வாளியில் கனமான பானை ஓடுகள் வந்தன. உள்ளே கருப்பு, வெளியே சிவப்பு. "ஏதோ பழைய பானை சார்" என்றார் கொத்தனார். மழை வருவதற்குள் கான்கிரீட் போட வேண்டும் என்ற அவசரம் எனக்கு. எல்லாம் மண்ணோடு சேர்ந்து ஃபில்லிங்குக்குப் போய்விட்டது. சில வருடம் கழித்து ஓர் அருங்காட்சியகத்தில் அதே ஓட்டைக் கண்ணாடிக்குள் பார்த்தபோது வயிற்றைப் பிசைந்தது. பானையின் பெயர் தெரியாமல் போனது பெரிய குறையில்லை, பெயரை யாரிடமும் கேட்டுக்கொள்ளலாம். அது எத்தனை அடி ஆழத்தில், எந்த நிற மண்ணில், பக்கத்தில் எதோடு கிடந்தது என்று நான் குனிந்து பார்க்கவில்லை. அதை இனி யாரைக் கேட்டும் தெரிந்துகொள்ள முடியாது.

ஆகவே கட்டடம் பற்றியதோ எலும்பு பற்றியதோ, எந்தப் புத்தகத்தையும் நான் கேட்கும் கேள்வி ஒன்றுதான்: இது உனக்கு எப்படித் தெரியும்? அதற்குப் பதில் சொல்லாமல் முடிவை மட்டும் சொல்லும் புத்தகம் எவ்வளவு அழகாக எழுதியிருந்தாலும் பையனுக்கு வேண்டாம்.

முதலில் கையில் வந்தது டென்மார்க் கட்டடக் கலைஞர் ஸ்டீன் ஐலர் ராஸ்முசன் 1957-ல் எழுதிய புத்தகம். ஆங்கிலத்தில் 'எக்ஸ்பீரியன்சிங் ஆர்க்கிடெக்சர்' என்ற பெயரில் வந்தது. ஆர்க்கிடெக்சர் மாணவர்களுக்கு முதல் வருடத்திலேயே சொல்லப்படும் புத்தகங்களில் ஒன்று. ரோமில் சாந்தா மரியா மஜ்ஜோரே தேவாலயத்தின் பின்புறம் பையன்கள் பந்து விளையாடுவதை அவர் உட்கார்ந்து பார்க்கிறார். வளைந்த சுவரில் பந்தை எறிகிறார்கள், அது எங்கே எகிறும் என்று அவர்களுக்குத் தெரிகிறது. சுற்றுலாப் பயணி பார்க்காத வளைவைப் பையன்கள் உடம்பால் தெரிந்துவைத்திருக்கிறார்கள் என்கிறார். வெளிச்சத்துக்கு ஓர் அத்தியாயம், தொட்டால் தெரியும் சொரசொரப்புக்கு ஓர் அத்தியாயம், கட்டடத்தைக் காதால் கேட்பதற்குக்கூட ஓர் அத்தியாயம். கோயில் கருவறை முன்னால் ஓதுவார் பாடும்போது குரல் ஏன் அப்படித் திரும்பி வருகிறது என்று யோசித்தவர்களுக்கு அந்தக் கடைசி அத்தியாயம் பிடிக்கும்.

ஆனால் அதில் வரும் ஊர்கள் பெரும்பாலும் ரோம், வெனிஸ், கோபன்ஹேகன். நம் பையன் பார்த்த பெரிய கட்டடம் மீனாட்சியம்மன் கோயிலும் திருமலை நாயக்கர் மகாலும். இன்னொரு குறையும் உண்டு. கட்டடத்தை எப்படி உணர்வது என்று சொல்கிறாரே தவிர, அது எப்படி நிற்கிறது என்று சொல்லவில்லை. எனக்கு அது போதாது. சைட்டில் நிற்கிறவனுக்கு முதல் கவலை விழுமா விழாதா என்பதுதான்.

அந்தக் கவலைக்குப் பதில் சொல்லும் புத்தகம் டேவிட் மெக்காலேயின் 'கதீட்ரல்'. 1973-ல் வந்தது. முழுக்கப் பேனாவால் வரைந்த படங்கள். பிரான்சில் ஷுட்ரோ என்று ஒரு கற்பனை ஊர், 1252-ல் பேராலயம் கட்டத் தொடங்குகிறார்கள், முடிக்க 86 வருடம் ஆகிறது. தொடங்கி வைத்தவர்கள் முடிந்ததைப் பார்ப்பதில்லை. தச்சன் கருவிகள், கொல்லன் பட்டறை, அஸ்திவாரக் குழி, சாரம், மேலே கல் ஏற்ற ஆள் உள்ளே நடந்து சுற்றும் பெரிய சக்கரம் என்று ஒன்று விடாமல் வரைந்திருக்கிறார். வளைவைக் கட்டும்போது கீழே மரச்சட்டம் கொடுத்து, சாந்து இறுகிய பிறகு பிரிக்கிறார்கள். அதற்கு ஆங்கிலத்தில் என்ன பெயர் தெரியுமா? சென்டரிங். நம்ம ஊர் சென்ட்ரிங் ஆள் தினமும் சொல்கிற அதே வார்த்தை. அதைப் படித்த அன்று எங்கள் சென்ட்ரிங் மேஸ்திரியிடம் படத்தைக் காட்டினேன். "முட்டு பத்தாது சார்" என்றார்.

நான் திரும்பத் திரும்பப் பார்ப்பது கல்லுக் குறி வருகிற பக்கத்தை. குவாரியிலிருந்து வரும் ஒவ்வொரு கல்லிலும் மூன்று குறிகள். கட்டடத்தில் அது எங்கே போக வேண்டும் என்பதற்கு ஒன்று, எந்தக் குவாரிக்குப் பணம் தர வேண்டும் என்பதற்கு ஒன்று, செதுக்கியவனுக்குக் கூலி போட இன்னொன்று. செங்கல் லோடுக்குச் சீட்டுப் போடுகிற எனக்கு இது எழுநூறு வருடத்துக் கணக்குப் பிள்ளையைச் சந்தித்த மாதிரி இருந்தது. கதையில் நடுவில் பணம் தீர்ந்துபோகிறது. புனிதர் ஒருவரின் எலும்புகளைக் காட்சிக்கு வைத்துக் காணிக்கை திரட்டி மேற்கொண்டு கட்டுகிறார்கள். கட்டடத்தை எலும்பு தாங்கியது என்று சொல்லலாம்.

குறை இல்லாமலில்லை. ஊர் கற்பனை என்பதால் எதுவும் தடம் புரள்வதில்லை. மெய்யான பேராலயங்களில் இடிந்து விழுந்த கதைகள் எத்தனையோ உண்டு. ஆனால் எண்பது பக்கம் அளவுதான், ஆங்கிலம் எளிது, பாதி விஷயம் படத்திலேயே இருக்கிறது. ஒரே ராத்திரியில் முடிக்கலாம்.

எலும்புப் பக்கம் வருவோம். பலரும் தொடங்கச் சொல்வது செராம் எழுதிய 'காட்ஸ், கிரேவ்ஸ் அண்டு ஸ்காலர்ஸ்'. 1949-ல் ஜெர்மனில் வந்தது. ட்ராய் நகரம், துட்டன்காமன் கல்லறை, பாபிலோன், மாயா கோயில் என்று துப்பறியும் கதை மாதிரி ஓடும். நானும் ராத்திரி முழுக்க விழித்துப் படித்திருக்கிறேன். ஆனால் அதில் தொல்லியல் என்றால் புதையல், தொல்லியலாளர் என்றால் வீரன். பையனுக்கு ஏற்கெனவே அந்த நினைப்பு இருக்கிறது. அதை இன்னும் ஊதிவிட வேண்டாம் என்று ஒதுக்கிவிட்டேன்.

மார்ட்டிமர் வீலரின் 'ஆர்க்கியாலஜி ஃப்ரம் தி எர்த்' அப்படி ஒதுக்க முடியாத புத்தகம். 1954-ல் வந்தது. வீலர் 1944 முதல் 1948 வரை இந்தியத் தொல்லியல் துறையின் தலைமை இயக்குநர். பட்டாளத்திலிருந்து நேராக வந்தவர், எழுத்தும் அதட்டல்தான். நிலத்தைச் சதுரம் சதுரமாகப் பிரித்துத் தோண்ட வேண்டும், குழிக்கும் குழிக்கும் இடையில் தோண்டாத வரப்பு விட வேண்டும், அந்த வரப்பின் பக்கவாட்டில் மண்ணடுக்குகளைப் படித்து வரைய வேண்டும், ஒவ்வொரு ஓட்டுக்கும் அது வந்த அடுக்கின் எண்ணை எழுத வேண்டும். சுவர் எங்கே போகிறது என்று பார்க்க அதை ஒட்டியே பள்ளம் பறித்துக்கொண்டு போனால், சுவரையும் தரையையும் இணைக்கும் மண் போய்விடும். அப்புறம் அந்தச் சுவர் எந்தக் காலம் என்று சொல்ல வழியே இல்லை. எனக்கு அந்த இடத்தில் என் ஜேசிபி வாளி ஞாபகம் வந்தது.

இந்த முறை எதற்கு என்பதற்கு அவர் காட்டும் சாட்சிகளில் ஒன்று நம் பக்கத்து ஊர். புதுச்சேரிக்கு அருகில் அரிக்கமேடு, 1945. இத்தாலியில் அரெஸ்ஸோ என்ற ஊரில் செய்த சிவப்புப் பானை ஓடுகள் அங்கே கிடைத்தன. ரோமானியப் பானைகளுக்கு வருடம் தெரியும், கி.பி. முதல் நூற்றாண்டின் முற்பகுதியோடு அந்த வகை முடிந்துவிடுகிறது. அதே மண்ணடுக்கில் உள்ளூர்ப் பானையும் கிடந்தால் அதற்கும் வயது கிடைத்துவிடுகிறது. அதே உள்ளூர்ப் பானை வேறு ஊரில் கிடைத்தால் அந்த ஊருக்கும் கிடைக்கிறது. ஓர் ஓடு, தென்னிந்தியா முழுவதற்கும் கடிகாரம். பிறகு 1989 முதல் 1992 வரை விமலா பெக்லி தலைமையில் மறுபடி தோண்டியபோது, ஊர் வீலர் நினைத்ததைவிடப் பழையது என்று தெரிந்தது. அதையும் மண்ணடுக்கை வைத்துத்தான் சொன்னார்கள்.

வீலரைக் கொடுப்பதென்றால் கூடவே ஒரு கதையையும் சொல்லிக் கொடுக்க வேண்டும். மொகஞ்சதாரோவில் தெருவிலும் வீட்டிலும் தாறுமாறாகக் கிடந்த எலும்புக்கூடுகளை வைத்து, ஆரியர் படையெடுத்து வந்து கொன்றார்கள் என்று 1947-ல் எழுதினார். இந்திரனையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றினார். அந்த எலும்புகள் அவர் தோண்டியவை அல்ல. பெரும்பாலும் 1920-களில் மற்றவர்கள், மண்ணடுக்கைச் சரியாகக் குறித்து வைக்காமல் எடுத்தவை. 1964-ல் தொல்லியலாளர் ஜார்ஜ் டேல்ஸ் பழைய குறிப்புகளைத் தோண்டிப் பார்த்து, அவை எல்லாம் ஒரே காலத்தைச் சேர்ந்தவையே இல்லை என்று காட்டினார். பின்னால் எலும்பு ஆய்வாளர் கென்னத் கென்னடி பார்த்தபோது வெட்டுக்காயம் என்று சொல்லக்கூடியது ஒன்றிரண்டு எலும்புக்கூட்டுக்கு மேல் தேறவில்லை. அடுக்கைப் பார் அடுக்கைப் பார் என்று ஊருக்கெல்லாம் சொன்ன மனிதர், தனக்குப் பிடித்த கதை கிடைத்ததும் அடுக்கைக் கேட்காமல் விட்டுவிட்டார். தமிழ்நாட்டில் இன்று எலும்பையும் பானையையும் வைத்து நடக்கும் சண்டைகளைப் பார்க்கும்போது, அவர் மட்டும்தானா என்று தோன்றும்.

நல்ல புத்தகம், கொஞ்சம் கடினம். பதினேழு வயதுக்கு முதல் புத்தகமாக இது போனால் முப்பதாவது பக்கத்தில் தூங்கிவிடுவான்.

எலும்பைப் பற்றி எளிதாக எழுதியது வேண்டுமென்றால் பத்திரிகையாளர் டோனி ஜோசப்பின் 'ஏர்லி இண்டியன்ஸ்'. 2018 டிசம்பரில் வந்தது, தமிழில் 'ஆதி இந்தியர்கள்'. பையன் கையில் கொடுத்தால் சந்தேகமில்லாமல் படித்து முடிப்பான். பீட்சாவின் அடித்தட்டு, சாஸ், சீஸ் என்று மக்கள் வந்து சேர்ந்த வரிசையை விளக்குகிற இடம் அவனுக்காகவே எழுதியது மாதிரி இருக்கும். பழைய எலும்பிலிருந்து மரபணு எடுக்கும் வேலை எவ்வளவு கஷ்டம் என்பதற்கு ஹரியானாவில் இருக்கும் சிந்துவெளிக் கால ஊர் ராகிகடியைப் பார்த்தால் போதும். சூடான ஊரில் எலும்பில் மரபணு நிற்பதில்லை. அங்கே 61 மாதிரிகளைச் சோதித்ததில் உருப்படியாகத் தேறியது ஒன்றே ஒன்று, ஒரு பெண்ணுடையது. காதுக்குள் இருக்கும் கெட்டியான எலும்பில்தான் இப்படி ஏதாவது மிஞ்சும். அந்த ஆய்வு 2019 செப்டம்பரில்தான் வெளியானது, புத்தகம் அதற்கு முன்பே வந்துவிட்டது. இந்தத் துறையில் புத்தகம் அச்சாகி வருவதற்குள் ஆய்வு ஒரு படி நகர்ந்துவிடும். அது ஆசிரியர் குற்றமில்லை. என் தயக்கம் வேறு: ஆய்வகத்துக்குள் நடப்பதை நாம் நம்பத்தான் வேண்டும். ஒரு பையன் மண்வெட்டியையோ தூக்குக்குண்டையோ கையில் எடுத்து, எப்படித் தெரியும் என்று தானே சோதித்துப் பார்க்க இதில் எதுவும் இல்லை.

சோதித்துப் பார்க்கலாம் என்றால் தஞ்சாவூர்தான். பெரிய கோயிலைப் பற்றி இரண்டு புத்தகங்கள் வைத்திருக்கிறேன். ஒன்று, தென்னிந்தியக் கல்வெட்டுகள் வரிசையில் இரண்டாம் தொகுதி. 1886-ல் சென்னை அரசின் கல்வெட்டாய்வாளராக வந்த ஜெர்மன்காரர் ஹுல்ஷ், 1891 முதல் பகுதி பகுதியாகப் பதிப்பிக்கத் தொடங்கியது. கோயிலைக் கட்டியது யார் என்றே ஊரில் ஆளாளுக்கு ஒரு கதை சொல்லிக்கொண்டிருந்த காலம் அது. சுவரிலேயே எழுதியிருக்கிறது, முதலாம் இராஜராஜன் என்று படித்துச் சொன்னவர் அவர். இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. நாம் கொடுத்தது, அக்கன் கொடுத்தது, நம் பெண்டுகள் கொடுத்தது, மற்றவர் கொடுத்தது எல்லாவற்றையும் கல்லிலே வெட்டுக என்ற உத்தரவில் தொடங்குகிறது. அப்புறம் கணக்கு, கணக்கு, கணக்கு. கோயிலில் ஆடிப் பாடிய 400 தளிச்சேரிப் பெண்டுகளின் பெயர், எந்த ஊரிலிருந்து வந்தார்கள், எந்தத் தெருவில் எந்தச் சிறகில் (வரிசையில்) எத்தனையாவது வீடு, ஆளுக்கு ஒரு பங்காக வருடத்துக்கு நூறு கலம் நெல். கோயிலைக் கட்டிய தச்சர் குஞ்சரமல்லன் இராஜராஜப் பெருந்தச்சன் பெயரும் கல்லில் இருக்கிறது. என் பெயரை நான் கட்டிய ஒரு வீட்டிலும் யாரும் எழுதி வைக்கவில்லை, போகட்டும்.

இன்னொன்று குடவாயில் பாலசுப்ரமணியனின் 'இராஜராஜேச்சரம்'. கல்வெட்டு, சிற்பம், ஓவியம், கட்டுமானம் எல்லாவற்றையும் சேர்த்துத் தமிழிலேயே சொல்லும் பெரிய புத்தகம். தமிழில் மட்டும் படிக்க வசதிப்படுகிறவர்களுக்கு யோசிக்காமல் இதைச் சொல்வேன். விமானத்தின் நிழல் தரையில் விழாது, உச்சியில் இருப்பது ஒரே கல் என்று பள்ளிக்கூடத்திலிருந்து கேட்டுவந்த கதைகளைக் கழற்றி வைத்துவிட்டுக் கோயிலைப் பார்க்க இப்படிப்பட்ட புத்தகம் வேண்டும். நிழல் விழுகிறது, சாயங்காலம் போய் நின்றால் யாருக்கும் தெரியும். சிகரம் பல கல்லை இணைத்தது. 216 அடி விமானத்துக்குப் பெருமை சேர்க்கப் பொய் எதற்கு என்றுதான் எனக்குப் புரிவதில்லை. ஆனால் இது தூக்கிக்கொண்டு படிக்கிற புத்தகமில்லை. தஞ்சாவூரில் மூன்று நாள் அறை எடுத்துத் தங்கி, காலையில் கோயில், மத்தியானம் புத்தகம் என்று படிக்க வேண்டும். இரண்டு மாதம் வீட்டில் விட்டத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிற பையனுக்குத் தோதுப்படாது.

கீழடிக்கே போய்விட்டு வந்தவன் என்பதால், 2019-ல் தமிழ்நாடு அரசு தொல்லியல் துறை வெளியிட்ட சின்னப் புத்தகத்தையும் எடுத்து வைத்தேன். மெலிசானது, விலையும் குறைவு. 353 செ.மீ. ஆழத்தில் எடுத்த கரிக்குக் கி.மு. 580 என்று வயது வந்தது, 70 எலும்பு மாதிரிகளை ஆராய்ந்ததில் பாதிக்கு மேல் காளை, எருமை, ஆடு போன்றவை என்று ஆழமும் எண்ணிக்கையும் சேர்த்தே சொல்கிறது. ஆழத்தைச் சொல்லும் புத்தகத்தின் மேல் எனக்கு மரியாதை உண்டு, காரணம் மேலே சொல்லிவிட்டேன். ஆனால் இது அறிக்கை. கதவைத் திறந்து காட்டும், உள்ளே உட்கார வைக்காது.

இவ்வளவையும் மேசையில் பரப்பிவைத்து யோசித்ததில் 'கதீட்ரல்' கிட்டத்தட்ட முடிவாகிவிட்டது. ஒரே தயக்கம், அதில் எலும்பு ஊறுகாய் அளவுக்குத்தான். பையனின் குழப்பத்தில் பாதிக்குத்தான் அது மருந்து. அப்போதுதான் அதே மெக்காலே 1979-ல் போட்ட இன்னொரு மெலிசான புத்தகம் பின்வரிசையில் தட்டுப்பட்டது: 'மோட்டல் ஆஃப் தி மிஸ்டரீஸ்'.

கி.பி. 4022. அமெரிக்கா அழிந்து இரண்டாயிரம் வருடம் ஆகிவிட்டது. ஹோவர்ட் கார்சன் என்ற ஆள் ஓட்டப் பந்தயத்தில் தடுமாறி ஒரு குழிக்குள் விழுகிறான். உள்ளே மூடிய கதவு. கைப்பிடியில் 'தொந்தரவு செய்யாதீர்' அட்டை. அரச முத்திரை என்று முடிவு செய்கிறான். கதவைத் திறந்தால் இரண்டு எலும்புக்கூடுகள். ஒன்று கட்டிலில் படுத்து, எதிரே இருக்கும் பெரிய பலிபீடத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறது. பலிபீடம் என்பது டிவி. இன்னொன்று உள்ளறையில் வெள்ளைக் கல்சவப்பெட்டியில். அது பாத்டப். டாய்லெட் சீட் புனிதக் கழுத்தணி ஆகிவிடுகிறது. உதவியாளர் பெண் அதைக் கழுத்தில் மாட்டி, டூத் பிரஷ்ஷைக் காதில் தொங்கவிட்டுப் போஸ் கொடுக்கிறாள். ட்ராய் நகைகளைப் பூட்டிக்கொண்டு, அந்த ஊரைத் தோண்டிய ஷ்லீமானின் மனைவி எடுத்துக்கொண்ட பழைய புகைப்படத்தைப் பார்த்தவர்களுக்குச் சிரிப்பு அடங்காது. கார்ட்டர் 1922-ல் துட்டன்காமனைக் கண்டுபிடித்த கதைக்கும் சேர்த்து உதை.

ஒரு விஷயம் கவனித்தேன். கார்சன் எதையும் திருடவில்லை, பொய்யும் சொல்லவில்லை. எல்லாவற்றையும் அளந்து, வரைந்து, எண் போட்டுத்தான் வைக்கிறான். எங்கே எது கிடந்தது என்பதில் ஒரு தப்பும் இல்லை. அதற்கு மேல் கட்டிய கதை மொத்தமும் தப்பு. செராம் எழுதிய வீரனைக் கிண்டல் செய்து, வீலர் விழுந்த குழியையும் காட்டுகிற புத்தகம், அதுவும் நூறு பக்கத்துக்குள்.

இரண்டையும் ரப்பர் பேண்டு போட்டுச் சேர்த்துக் கொடுத்தேன். ஒன்றுதான் கொடுப்பேன் என்று சொன்னது என்ன ஆச்சு என்று என் மனைவி கேட்டாள். இரண்டும் சேர்ந்தால்தான் ஒரு புத்தகம் கனம் வருகிறது என்றேன்.

பத்து நாள் கழித்துத் திருப்பிக் கொடுக்க வந்தான். 'கதீட்ரல்' நடுவில் ஒரு காகிதம் சொருகியிருந்தது. எங்கள் அக்கா வீட்டு அடுப்படியை வரைந்து, கிரைண்டருக்கு "லிங்கம் போல் தெரிகிறது, வழிபாட்டுப் பொருளாக இருக்கலாம்" என்று குறிப்பு எழுதியிருந்தான். நுழைவுத் தேர்வுக்கு விண்ணப்பித்துவிட்டேன் மாமா, அதை எப்படியும் எழுதிப் பார்க்கிறேன் என்றான். வீலர் புத்தகத்தைக் கையில் எடுத்துப் புரட்டினான், மண்ணடுக்குப் படம் ஒன்றில் ரொம்ப நேரம் நின்றான். நான் பானை ஓட்டுக் கதையைச் சொன்னேன். கேட்டுவிட்டுக் கொஞ்ச நேரம் பேசவில்லை.

வாசலில் செருப்பு மாட்டும்போது கேட்டான்: "அடுத்து எங்க மாமா வானம் தோண்டப் போறீங்க? ஜேசிபி வர்றதுக்கு முந்தின நாளே எனக்கு ஒரு போன் போடுங்க."